ஏழாம் புள்ளி

என் மேசை இழுப்பறையில் ஒரு நாற்பது பக்க நோட்டு இருக்கிறது. அதன் முதல் பக்கத்தில், 2018 மே மாதத்தின் ஒரு மாலையில், எங்கள் தெருவில் வசிக்கும் ஓய்வுபெற்ற கணக்கு மாஷ் (ஆசிரியரை எங்கள் ஊரில் அப்படித்தான் அழைப்போம்) தம் கையால் எழுதிய மூன்று பெருக்கல்கள் உள்ளன. 0.27 பெருக்கல் 4, விடை 1.08. 0.15 பெருக்கல் 7, விடை 1.05. 0.075 பெருக்கல் 14, அதற்கும் விடை 1.05. ஒவ்வொரு விடையிலும் புள்ளிக்கு முன்னால் நிற்கும் அந்த ஒன்றை மட்டும் அவர் வட்டமிட்டிருக்கிறார். மத்தியப் பல்கலைக்கழகம் ஒன்றின் உதவிப் பேராசிரியர் விளம்பரத்தை அச்செடுத்துக்கொண்டு நான் அவர் வீட்டுத் திண்ணைக்குப் போயிருந்தேன். நான் விண்ணப்பிக்க இருந்த துறைக்கு நேரே, பட்டியல் இனத்தவர் என்ற கட்டத்தில், சுழியம் இருந்தது.

"மாஷே, எனக்கு இதுல ஒரு இடமும் இல்லைங்களே" என்றேன்.

"இடம் இருக்கும்மா. அந்தத் துறையில மொத்தம் எத்தனை பேரு?"

"அஞ்சு பேருங்க."

"அப்போ ரெண்டு பேரு ரிட்டயர் ஆகணும். ஏழாவதா வர்ற ஆளு நீயா இருக்கணும்."

அவர் கேலியாகச் சொல்லவில்லை. எனக்குப் புரியவேண்டும் என்பதற்காகவே நோட்டைக் கேட்டு வாங்கி அந்தக் கணக்குகளைப் போட்டார். இந்தக் கட்டுரை அவற்றைப் பற்றியதுதான். ஆனால் சாதிவாரி இட ஒதுக்கீட்டில் பல்கலைக்கழக ஆசிரியர் நியமனங்கள் குறித்து நடந்த வழக்குகள், எல்லையோரத்தில் வாழும் எங்களைப் போன்றவர்களை ஏன் மற்றவர்களைவிடக் கூடுதலாகத் தாக்கின என்பதைச் சொல்லாமல் அந்தக் கணக்கை மட்டும் சொன்னால் பாதிதான் விளங்கும். ஆகவே ஊரிலிருந்து தொடங்குகிறேன்.

பாலக்காடு மாவட்டத்தின் சித்தூர் தாலுகா எங்களுடையது. ஆந்திரத்துச் சித்தூரோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். கொழிஞ்சாம்பாறையிலும் அதைச் சுற்றியுள்ள ஊர்களிலும் கடைத்தெருவில் தமிழே பேச்சு. பேருந்தின் பலகை மலையாளத்தில் இருக்கும், நடத்துநர் சில்லறை கேட்பது தமிழில் இருக்கும். வேலந்தாவளம், கோபாலபுரம் சோதனைச் சாவடிகளைத் தாண்டினால் கோயம்புத்தூர் மாவட்டம். என் தாத்தா பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து 1953இல் கிணறு வெட்டும் வேலைக்காக இங்கே வந்தவர். கறுப்பு மண்ணும் கடலைக்காடும் இரு பக்கமும் ஒன்றுபோல் இருந்ததால், தாம் ஒரு எல்லையைக் கடந்து வந்திருப்பதாக அவர் ஒருநாளும் நினைத்திருக்கமாட்டார்.

சட்டம் நினைத்தது. பட்டியல் இனங்களுக்கான குடியரசுத் தலைவர் ஆணை 1950 ஆகஸ்ட் 10 அன்று வெளியானது. அன்று ஒரு குடும்பம் எந்த மாநிலத்தில் நிலையாக வசித்ததோ, அந்த மாநிலத்தின் பட்டியலில்தான் அந்தக் குடும்பத்துக்கு இடம். அந்த நாளில் பாலக்காடு மலபார் மாவட்டத்தின் பகுதியாகச் சென்னை மாநிலத்தோடு இருந்தது. எங்கள் சித்தூரோ பழைய கொச்சி சமஸ்தானத்தின் துண்டு நிலமாகத் திருவிதாங்கூர்–கொச்சி மாநிலத்தில் சேர்ந்திருந்தது. 1956 நவம்பர் 1 வரை இதுதான் நிலை. என் தாத்தா இன்னும் சில மைல் நடந்து பாலக்காட்டுப் பக்கம் குடிசை போட்டிருந்தால், அன்றைய வரைபடத்தின்படி அவர் மாநிலமே மாறியிருக்கமாட்டார். தண்ணீர் கிடைக்கும் என்று யாரோ காட்டிய இடத்தில் அவர் கடப்பாரையை இறக்கினார், அவ்வளவுதான்.

நாங்கள் அருந்ததியர். அருந்ததியர் கேரளப் பட்டியலிலும் இருக்கிறார்கள். ஆகவே சாதியின் பெயரில் சிக்கல் இல்லை. குடியேறிய ஆண்டில்தான் சிக்கல். இரண்டு மாநிலத்தின் பட்டியலிலும் ஒரே பெயர் இருந்தாலும், ஒரு மாநிலத்திலிருந்து இன்னொன்றுக்குக் குடிபெயர்ந்தவர் புதிய மாநிலத்தில் அந்த உரிமையைக் கோர முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1990இல் மர்ரி சந்திரசேகர ராவ் வழக்கில் சொன்னது. ஆந்திரத்துத் தெனாலியில் பிறந்து, தந்தையின் வேலை காரணமாக மும்பையில் வளர்ந்த மாணவர் ஒருவருக்கு மருத்துவக் கல்லூரி இடம் மறுக்கப்பட்ட வழக்கு அது. ஓர் இடத்தில் ஒரு சமூகம் படுகின்ற தாழ்வு, அந்த இடத்தின் சமூகச் சூழலைப் பொறுத்தது என்பதே அடிப்படை வாதம். அதில் ஒரு தர்க்கம் இருப்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் கோபாலபுரத்துக்கு மேற்கே நூறு மீட்டர் வந்ததும் ஒரு அருந்ததியப் பெண்ணின் சமூகச் சூழல் மாறிவிடுகிறது என்று யாராவது சொன்னால், அவரை எங்கள் ஊர்த் தேநீர்க் கடைக்கு அழைத்துச் செல்ல விரும்புகிறேன்.

இடுக்கியின் தேயிலைத் தோட்டத் தமிழர்கள் இந்த 1950 என்ற ஆண்டை எங்களைவிட நன்றாக அறிவார்கள். தேவிகுளம் தனித் தொகுதியில் வென்ற ஆ. ராஜாவின் தேர்தலைக் கேரள உயர் நீதிமன்றம் 2023 மார்ச் 20 அன்று செல்லாது என்றது. அவருடைய குடும்பம் கேரளத்தில் எப்போது குடியேறியது என்பது அந்த வழக்கின் மையக் கேள்விகளில் ஒன்று. 2025 மே 6 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கி அவருடைய வெற்றியை உறுதி செய்தது. ஒரு சட்டமன்ற உறுப்பினருக்கே இத்தனை ஆண்டுகள் ஆயின என்றால், பழைய ரேஷன் அட்டையும் தாத்தாவின் கைரேகை வைத்த கூலிச் சீட்டும் மட்டுமே கையில் உள்ளவர்களின் நிலையைச் சொல்லத் தேவையில்லை.

எனக்குக் கிடைத்த சான்றிதழ் வேறு வகையைச் சேர்ந்தது. குடிபெயர்ந்தவரின் பிள்ளைகளுக்கு, தந்தையின் பூர்வ மாநிலத்தைக் குறிப்பிட்டு, இப்போது வசிக்கும் மாநிலத்தின் அதிகாரியே சான்று வழங்கலாம் என்று மத்திய அரசு 1980களில் அனுமதித்தது. அந்தச் சான்று கேரள அரசின் பணிகளுக்கு உதவாது. தமிழ்நாட்டில் உதவவேண்டும் என்று எழுத்து சொல்கிறது. 2009ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, பட்டியல் இனத்தவரின் 18 சதவீதத்துக்குள் அருந்ததியருக்கு அங்கே 3 சதவீத உள் ஒதுக்கீடு உண்டு. பொள்ளாச்சியில் இருக்கும் என் சித்தப்பா மகள் அதன் வழியாகத்தான் ஆசிரியர் ஆனாள். அதே வழியைக் கேட்டு நான் போன அலுவலகத்தில், மூன்று தலைமுறையாகக் கேரளத்தில் வாழும் உங்களுக்கு இங்கே இருப்பிடச் சான்று எங்கே என்று கேட்டு, விண்ணப்பத்தை மேசையின் இந்தப் பக்கத்துக்கே தள்ளிவிட்டார்கள்.

எனவே எஞ்சியிருந்த கதவு ஒன்றே ஒன்று. மத்திய அரசுப் பணிகளிலும் மத்தியக் கல்வி நிறுவனங்களிலும் எந்த மாநிலத்துப் பட்டியல் இனத்தவரும் ஒதுக்கீட்டில் போட்டியிடலாம். 2018 ஆகஸ்ட் 30 அன்று பீர் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, மாநிலம் விட்டு மாநிலம் போனவர் மாநிலப் பணியில் ஒதுக்கீடு கோர முடியாது என்ற பழைய நிலையை உறுதி செய்தபோதும், மத்தியப் பணிகளில் இந்த அனைத்திந்திய உரிமை தொடர்ந்தது. காசர்கோட்டுப் பெரியாவில் இருக்கும் கேரள மத்தியப் பல்கலைக்கழகம், திருவாரூரில் இருக்கும் தமிழ்நாடு மத்தியப் பல்கலைக்கழகம், புதுச்சேரிப் பல்கலைக்கழகம், ஐதராபாத் பல்கலைக்கழகம் போன்றவற்றில் என் தாத்தா எந்த ஆண்டு எந்தக் கிணற்றை வெட்டினார் என்று எவரும் கேட்கமாட்டார்கள். எங்களைப் போன்றவர்கள் முனைவர் பட்டத்தை முடித்துவிட்டு வருடக்கணக்காகக் காத்திருந்தது அந்த விளம்பரங்களுக்காகத்தான். அந்தக் கதவுதான் அதே 2018இல் சாத்தப்பட்டது. அதைச் சாத்தியது எல்லை பற்றிய சட்டம் எதுவும் இல்லை, எதை ஓர் அலகு என்று எண்ணுவது என்ற கேள்வி.

இனச்சுழற்சி என்று தமிழ்நாட்டிலும், ரோஸ்டர் என்று மற்ற இடங்களிலும் சொல்லப்படும் பட்டியல் எப்படி வேலை செய்கிறது என்பதை மாஷ் எனக்கு விளக்கிய வழியிலேயே விளக்குகிறேன். மத்திய நிறுவனங்களில் பிற பிற்படுத்தப்பட்டோருக்கு 27, பட்டியல் இனத்தவருக்கு 15, பழங்குடியினருக்கு 7.5 சதவீதம். ஆளைப் பாதியாக நியமிக்க முடியாது என்பதால், சதவீதத்தைப் பணியிடங்களின் வரிசை எண்ணால் பெருக்கும்போது எந்த எண்ணில் விடை முழுதாக ஒன்றைத் தாண்டுகிறதோ, அந்த எண் அந்தப் பிரிவுக்குரிய புள்ளி. மூன்றாவது பணியிடத்தில் பிற்படுத்தப்பட்டோரின் பங்கு 0.81 மட்டுமே, நான்காவதில் அது 1.08 ஆவதால் நான்காம் புள்ளி அவர்களுடையது. பட்டியல் இனத்தவருக்கு ஆறாவதில் 0.90, ஏழாவதில்தான் ஒன்று பிறக்கிறது. பழங்குடியினருக்குப் பதின்மூன்றாவதில்கூட 0.975தான், அவர்களின் முதல் புள்ளி பதினான்கு. இந்த வரிசையை 200 வரை நீட்டினால் பிற்படுத்தப்பட்டோருக்கு 54, பட்டியல் இனத்தவருக்கு 30, பழங்குடியினருக்கு 15 இடங்கள் கிடைக்கும். 1995இல் ஆர்.கே. சபர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் காலியிடத்தை எண்ணாமல் பணியிடத்தை எண்ணவேண்டும் என்று சொன்னதையொட்டி, 1997 ஜூலை 2 அன்று மத்தியப் பணியாளர் துறை வெளியிட்ட ஆணையில் உள்ள முறை இது.

ஒரே கணக்கு, ஆனால் எதன் மீது அதைப் போடுகிறோம் என்பதில் எல்லாம் தலைகீழாகிறது. ஒரு பல்கலைக்கழகத்தில் 40 துறைகள், துறைக்கு 5 உதவிப் பேராசிரியர்கள் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 200. பல்கலைக்கழகத்தை ஓர் அலகாகக் கொண்டால் மேலே சொன்ன 54, 30, 15 என்பது அப்படியே வரும். ஒவ்வொரு துறையையும் தனி அலகாகக் கொண்டால், ஐந்துக்குள் விழுவது நான்காம் புள்ளி மட்டும். ஆக 40 இடங்கள் பிற்படுத்தப்பட்டோருக்கு, பட்டியல் இனத்தவருக்கு ஒன்றுமில்லை, பழங்குடியினருக்கும் ஒன்றுமில்லை, மீதி 160 பொதுப்போட்டி. ஒரு சட்டப்பிரிவும் நீக்கப்படவில்லை, ஒரு சதவீதமும் குறைக்கப்படவில்லை. எங்கள் முப்பது இடங்கள் காணாமல் போய்விட்டன.

காணாமல் போகவில்லை, சுழற்சியில் பின்னால் வரும் என்றுதான் பதில் சொன்னார்கள். அதையும் மாஷ் கணக்குப் போட்டுக் காட்டினார். மத்தியப் பல்கலைக்கழக ஆசிரியர் ஓய்வுபெறும் வயது 65. ஐந்து பேரும் 35 வயதில் ஒன்றாகச் சேர்ந்தார்கள் என்று கொண்டால், முப்பது ஆண்டுகள் கழித்து முதலில் ஓய்வுபெறுபவரின் இடம் ஆறாம் புள்ளி, அடுத்தவருடையது ஏழாம் புள்ளி. பட்டியல் இனத்தவர் ஒருவர் அந்தத் துறைக்குள் ஒதுக்கீட்டின் வழியாக அன்றுதான் நுழைவார். பதினான்காம் புள்ளிக்கு அந்த இரண்டாம் தலைமுறையும் ஓய்வுபெறத் தொடங்கவேண்டும். அறுபது ஆண்டு ஆகும். நடுவில் யாராவது வேறு வேலைக்குப் போகலாம், பதவி உயர்வில் நகரலாம், காலம் சற்றுக் குறையலாம். ஆனால் அன்று எனக்கு வயது 36. அந்தத் திண்ணையில் உட்கார்ந்து, முன்பின் தெரியாத இரண்டு பேர் ஓய்வுபெறும் ஆண்டை என் வயதோடு கூட்டிப் பார்த்தேன்.

இந்த அலகு மாற்றம் எங்கிருந்து வந்தது? பல்கலைக்கழக மானியக் குழுவின் 2006ஆம் ஆண்டு வழிகாட்டு நெறிகள், பல்கலைக்கழகம் முழுவதையும் ஓர் அலகாகக் கொண்டு, ஒரே நிலையிலுள்ள பணியிடங்களைத் துறை பாராமல் ஒன்றுசேர்க்கச் சொல்லியிருந்தன. பனாரஸ் இந்துப் பல்கலைக்கழகத்தின் நியமன விளம்பரம் ஒன்றை எதிர்த்து விவேகானந்த் திவாரி என்பவர் தொடுத்த வழக்கில், அலகாபாத் உயர் நீதிமன்றம் 2017 ஏப்ரலில் அந்தப் பிரிவுகளை ரத்து செய்து, துறையையே, பாடத்தையே அலகாகக் கொள்ளவேண்டும் என்றது. 2018 மார்ச் 5 அன்று மானியக் குழு எல்லாப் பல்கலைக்கழகங்களுக்கும் அதன்படி கடிதம் அனுப்பியது. எதிர்ப்பு எழுந்ததும் மத்திய அரசும் மானியக் குழுவும் உச்ச நீதிமன்றத்துக்குப் போயின, அந்த ஜூலையில் நியமனங்கள் நிறுத்திவைக்கப்பட்டன. இடைப்பட்ட நான்கு மாதங்களில் வந்த விளம்பரங்களில் ஒன்றுதான் என் கையில் இருந்தது.

அலகாபாத் தீர்ப்பைப் படிக்காமலே திட்டியவர்களில் நானும் ஒருத்தி. பிறகு படித்தேன். அதில் உள்ள கவலை பொய்யானது அல்ல. பல்கலைக்கழகம் முழுவதையும் ஒன்றாக எண்ணினால், ஒரு துறையில் எல்லா இடங்களும் ஒதுக்கீட்டில் விழுந்து, இன்னொரு துறையில் ஒன்றுகூட விழாமல் போகலாம். இரண்டுமே சமத்துவத்துக்கு ஏற்றதல்ல என்று நீதிமன்றம் கருதியது. அதற்கு முன்னோடியான தீர்ப்புகளும் இருந்தன. நாக்பூர் பல்கலைக்கழகம் எந்தப் பாடத்தில் எந்த இடம் ஒதுக்கீட்டுக்குரியது என்று சொல்லாமல் விளம்பரம் செய்ததை 1990இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. ஒற்றைப் பணியிடம் மட்டும் உள்ள பிரிவில் அதை ஒதுக்கினால் அது நூறு சதவீத ஒதுக்கீடாகிவிடும் என்று 1998இல் சண்டிகர் முதுநிலை மருத்துவக் கழக வழக்கிலும், வரலாற்று விரிவுரையாளரின் ஒற்றை இடத்தை வேறு பாடங்களோடு சேர்த்து எண்ண முடியாது என்று 2009இல் கர்நாடகத்தின் கோவிந்தப்பா வழக்கிலும் அதே நீதிமன்றம் சொல்லியிருந்தது. உடற்கூறியல் பேராசிரியரையும் புவியியல் பேராசிரியரையும் எப்படி ஒன்றாக எண்ணுவது என்ற கேள்வி இந்த வழக்கிலும் உச்ச நீதிமன்றத்தில் எழுந்தது.

அந்தக் கேள்விக்கு என்னிடம் ஒரு பதில் உண்டு; சட்டம் படித்தவள் இல்லை என்றாலும் அதைச் சொல்ல எனக்கு உரிமை இருப்பதாக நம்புகிறேன். போட்டி நடக்கும் களமும் எண்ணிக்கை நடக்கும் களமும் ஒன்றாக இருக்கவேண்டிய கட்டாயம் இல்லை. தமிழ்த் துறை இடத்துக்குத் தமிழ் படித்தவர்கள்தான் போட்டியிடுவார்கள்; இயற்பியல்காரர் ஒருவர் வந்து என் இடத்தைப் பறிக்கப் போவதில்லை. ஆனால் இருவரும் உதவிப் பேராசிரியர். ஒரே ஊதிய நிலை, ஒரே தகுதி விதிகள், ஒரே பணிமூப்பு விதி, ஒரே வேந்தரின் கீழ் ஒரே நிறுவனம். பதவியின் பெயர் ஒன்றாக இருக்கும்போது பதவிகளை ஒன்றாக எண்ணுவதில் என்ன பிழை? நாக்பூர் தீர்ப்பை நான் படித்த அளவில், எந்தப் பாடத்து இடம் ஒதுக்கப்பட்டது என்பதை அறிவிக்கவேண்டும் என்பதே அதன் உயிர்நாடி. பாடம் பாடமாக அறிவிப்பது வேறு, பாடம் பாடமாக எண்ணுவது வேறு. இரண்டையும் ஒன்றாக்கியதில்தான் எங்கள் ஏழாம் புள்ளி முப்பது ஆண்டு தள்ளிப்போனது.

சிறிய துறைகளில் இது எவ்வளவு கொடியது என்பதை மொழித் துறைகளில் இருப்பவர்கள் உடனே உணர்வார்கள். தமிழகத்துக்கு வெளியே தமிழ்த் துறைகள் எல்லாமே சிறியவை. திருவனந்தபுரத்துப் பல்கலைக்கழகத்தில் ச. வையாபுரிப்பிள்ளை 1950களின் தொடக்கத்தில் தமிழ்ப் பேராசிரியராக அமர்ந்த காலத்திலிருந்து கேரளத்தில் உயர்கல்வித் தமிழுக்கு ஒரு பெருமை உண்டு. ஆனால் பெருமை பெரிதானாலும் துறை பெரிதாவதில்லை. எங்கள் பாலக்காட்டுக் கல்லூரிகளில் மூன்று பேர், நான்கு பேர் உள்ள தமிழ்த் துறைகளில்தான் நான் கெஸ்ட் லெக்சரராக மணிக்கணக்குக் கூலிக்குப் பாடம் நடத்தி வந்தேன். நான்கு பேர் உள்ள துறையைத் தனித் தீவாக எண்ணினால் ஏழு என்ற எண் அந்தத் தீவில் கிடையாது. கணினி அறிவியல் போன்ற பெரிய துறைகளில் அது எப்படியோ வந்துவிடும். மொழியும் தத்துவமும் இசையும் கற்பிக்கும் துறைகளில் வராது. சிறுபான்மை மொழி பேசுகிற, எல்லையோரத்தில் வாழ்கிற, பட்டியல் இனத்தைச் சேர்ந்த ஒருவர் பெரும்பாலும் தம் மொழியைத்தான் படித்திருப்பார் என்பதை நினைத்தால், அந்த ஏழாம் புள்ளி யாரிடமிருந்து விலகிப் போகிறது என்பது தெரியும்.

2019 ஜனவரி 22 அன்று உச்ச நீதிமன்றம் அரசின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. பிப்ரவரி இறுதியில் சீராய்வு மனுவும் தள்ளுபடியானது. மார்ச் 5 அன்று, துறையையே அலகாகக் கொள்ளும் இந்த முறையை, அதாவது ‘பதின்மூன்று புள்ளிச் சுழற்சி’யை எதிர்த்து நாடு தழுவிய கடையடைப்புக்கு அழைப்பு விடப்பட்டது. டெல்லிப் பல்கலைக்கழகத்தின் தற்காலிக ஆசிரியர்கள் தெருவில் நின்றார்கள். மார்ச் 7 அன்று அவசரச் சட்டம் வந்தது, ஜூலையில் நாடாளுமன்றம் அதை முழுச் சட்டமாக்கியது: மத்தியக் கல்வி நிறுவனங்கள் (ஆசிரியர் பிரிவில் இட ஒதுக்கீடு) சட்டம், 2019. அதன் மூன்றாம் பிரிவு, நேரடி நியமனத்துக்கு நிறுவனம் முழுவதையும் ஓர் அலகாகக் கருதவேண்டும் என்று ஒரே வரியில் சொல்கிறது. அந்த வரியை நான் பலமுறை உரக்க வாசித்திருக்கிறேன். இணைப் பேராசிரியர், பேராசிரியர் நிலைகளிலும் பிற்படுத்தப்பட்டோருக்கு 27 சதவீதம் அதன் பிறகே வழக்கத்துக்கு வந்தது. பொதுப்பிரிவில் பொருளாதாரத்தில் நலிந்தோருக்கான ஒதுக்கீடும் அந்தச் சட்டத்திலேயே இடம்பெற்றது.

சட்டம் எங்கே நின்றுவிடுகிறது என்பதையும் சொல்லவேண்டும். அது மத்திய நிறுவனங்களுக்கு மட்டும். அட்டவணையில் உள்ள சில ஆய்வு நிறுவனங்களுக்கும் சிறுபான்மை நிறுவனங்களுக்கும் பொருந்தாது. மாநிலப் பல்கலைக்கழகங்கள் தத்தம் சட்டப்படி நடக்கின்றன. கேரளப் பல்கலைக்கழகச் சட்டத்தில் எல்லாத் துறைகளின் ஒரே நிலைப் பணியிடங்களையும் ஒன்றாகத் திரட்டும் பிரிவு சேர்க்கப்பட்டபோது, அதே அலகுக் கேள்வி எர்ணாகுளத்திலும் எழுந்தது. 2021இல் உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அந்தப் பிரிவு செல்லாது என்று தீர்ப்பளிக்க, வழக்கு மேல்முறையீட்டுக்குப் போனது. இதைவிடப் பெரிய சுவர் உதவிபெறும் கல்லூரிகள். 1972இல் வந்த நேரடிச் சம்பள ஏற்பாட்டுக்குப் பிறகு அங்கே ஆசிரியருக்கு ஊதியம் தருவது கேரள அரசு. ஆளைத் தேர்வது நிர்வாகம். அரசுக் கல்லூரிகளில் நடைமுறையில் இருக்கும் பட்டியல் இன ஒதுக்கீடு அந்த வாசலோடு நின்றுவிடுகிறது. மாநிலம் முழுவதும் உள்ள கல்லூரி ஆசிரியர் இடங்களில் பெரும் பங்கு அந்த வாசலுக்கு உள்ளேதான் இருக்கிறது. இதைப் பற்றித் தனியாக எழுதவேண்டும்.

புள்ளி கிடைத்துவிட்டால் இடமும் கிடைத்துவிடுமா என்றால் அதுவும் இல்லை. நேர்முகத் தேர்வு முடிந்து, 'பொருத்தமானவர் எவரும் இல்லை' என்று ஒரு வரியை எழுதி, ஒதுக்கப்பட்ட இடத்தைக் காலியாகவே அடுத்த ஆண்டுக்குத் தள்ளும் வழக்கம் இருக்கிறது. பின்னடைவுப் பணியிடம் என்று அதற்குப் பெயர். 2020இல் ஒரு பல்கலைக்கழகத்தின் நேர்முகத் தேர்வில் நான் பதினொரு நிமிடம் உட்கார்ந்திருந்தேன். சங்க இலக்கியத்தில் என் ஆய்வைப் பற்றி இரண்டு கேள்விகள், என் சான்றிதழில் ஏன் இரண்டு மாநிலத்தின் பெயர் இருக்கிறது என்பதைப் பற்றி ஐந்து கேள்விகள். முடிவில் அந்த ஒற்றை வரி வெளியானது. அன்று வந்திருந்த மற்றவர்களும் முனைவர் பட்டமும் நெட் தேர்ச்சியும் உடையவர்கள். நாங்கள் எல்லோரும் ஒரே நாளில் பொருத்தமற்றவர்கள் ஆனோம். 2023ஆம் ஆண்டு இறுதியில் மானியக் குழு வெளியிட்ட வரைவு நெறிகளில், நிரப்பப்படாத ஒதுக்கீட்டு இடங்களைச் சில சூழல்களில் பொதுப்பிரிவுக்கு மாற்றலாம் என்ற பகுதி இருந்ததைப் படித்தபோது எனக்கு அந்தப் பதினொரு நிமிடம்தான் நினைவுக்கு வந்தது. எதிர்ப்புக்குப் பின், 2019 சட்டத்தின் கீழ் எந்த இடமும் அப்படி மாற்றப்படாது என்று 2024 ஜனவரி இறுதியில் கல்வி அமைச்சகம் விளக்கம் தந்தது.

நான் கேட்பது ஒன்றுதான். ஒவ்வொரு பல்கலைக்கழகமும் தன் இனச்சுழற்சிப் பதிவேட்டை, பெயர்கள் இல்லாவிட்டாலும் புள்ளி எண்ணும் துறையும் நிரப்பிய ஆண்டும் தெரியும்படி, இணையதளத்தில் வைக்கவேண்டும். நிறுவனமே அலகு என்று சட்டம் சொன்ன பிறகும், எந்தத் துறையின் இடம் எந்தப் புள்ளியில் விழுகிறது என்பதைத் துறைகளை எந்த வரிசையில் அடுக்குகிறார்கள் என்பது தீர்மானிக்கிறது. விண்ணப்பிக்கக்கூடியவர்களே அரிதான ஒரு நுண்துறையில் ஒதுக்கீட்டுப் புள்ளியைக் கொண்டுபோய் வைத்தால், கணக்கு சரியாக இருக்கும், நாற்காலி காலியாக இருக்கும். அலகாபாத் நீதிமன்றத்தின் கவலைக்கும் இதுவே மருந்து என்பது என் எண்ணம்: வரிசை எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தால், ஒரு துறையில் எல்லாம் குவிவதையும் இன்னொன்று வெறுமையாகக் கிடப்பதையும் எவரும் கேட்கலாம்.

எனக்கு வயது கடந்துகொண்டிருக்கிறது. ஆனால் என் மாணவி ஒருத்தி, எங்கள் பக்கத்து ஊர்க்காரி, சென்ற ஆண்டு முனைவர் பட்டம் முடித்தாள். அவளுடைய பாட்டனும் 1950க்குப் பிறகு வந்தவர். அவளிடமும் இரண்டு மாநிலத்தின் பெயர் உள்ள சான்றிதழ்தான். அவள் விண்ணப்பிக்கும் பல்கலைக்கழகத்தின் பதிவேட்டைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் இருவரும் சேர்ந்து கேட்டோம். முதல் மனுவுக்குப் பதில் இல்லை. மேல்முறையீட்டுக்குப் பிறகு பதினாறு பக்க ஒளிநகல் வந்தது. மாஷ் இப்போது கண்புரை அறுவை செய்துகொண்டு இருட்டுக் கண்ணாடியோடு இருக்கிறார். ஆகவே நான் வாசிக்க, அவள் விரல் வைத்துத் தேட, அவர் கேட்டுக்கொண்டிருந்தார். ஏழு, வேதியியல், நிரப்பப்பட்டது. பதினான்கு, பொருளியல், காலி. பதினைந்து, வரலாறு, நிரப்பப்பட்டது. அவளுடைய துறையின் பெயர் இருபதாம் வரியில் இருந்தது. "இருபது எஸ்.சி. புள்ளிதான்மா" என்று, நான் கட்டத்தைப் படிப்பதற்கு முன்பே, மாஷ் சொன்னார். அடுத்த கட்டத்தில் காலி என்று எழுதியிருந்தது. அவள் அந்தப் பக்கத்தை மட்டும் தனியே எடுத்து, சான்றிதழ் வைத்திருந்த கோப்பில் செருகிக்கொண்டாள்.